மின்னொளியின் பாம்பு ஆட்டம்

ஓய்வு பெற்று இரண்டாவது ஆண்டு நடக்கிறது. போன மாதம், என்னுடன் வேலை பார்த்த பிரவீணா போன் செய்தாள். அம்பத்தூர் எஸ்டேட்டில் இருக்கும் எங்கள் ஸ்கேனிங் கூடத்துக்குப் புதிய இயந்திரம் வந்திருக்கிறது. படச்சுருளில் காட்சி முடிந்து வெற்று ஃபிலிம் தொடங்கியதும் அது தானாகவே நின்றுகொள்ளுமாம். பழைய இயந்திரத்திலும் அந்த வசதி இருந்தது. ஆனால் அதன் பக்கத்துச் சுவரில், “தானாக நிற்க விடாதீர்கள். கோர் தெரியும் வரை ஓட்டுங்கள்” என்று ஒரு தாள் ஒட்டியிருந்தோம். புதிதாகச் சேர்ந்தவர்கள் அந்தத் தாளை எடுத்துவிடலாமா என்று கேட்கிறார்களாம்.

“நான் சொன்னா ஏதோ பழைய கதைன்னு சிரிக்கறாங்க மேடம். நீங்கதான் தினமும் டைரி எழுதுவீங்களே. வரிசையா எழுதிக் குடுங்க, நான் படிக்கக் குடுத்துடறேன்” என்றாள்.

எழுதுகிறேன். கோர் என்பது ஃபிலிம் சுற்றப்பட்டிருக்கும் நடுவட்டு. அது தெரியும் வரை ஓட்டுவது என்றால், சுருளில் ஓர் அடிகூட மிச்சம் வைக்காமல் ஓட்டுவது. அந்த விதியை ஒரே ஒரு முறை மீறினோம். அப்போது எதை இழக்கப் பார்த்தோம் என்று சொன்னால், தாளைக் கிழிப்பதா வேண்டாமா என்பதை அவர்களே முடிவு செய்துகொள்வார்கள்.

என் பயிற்சிக் காலத்தைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. பிளஸ் டூ முடித்ததும் வடபழனிப் பக்கம் ஒரு ஃபிலிம் லேபில், பிரிண்ட் சரிபார்க்கும் பிரிவில் சேர்ந்தேன். வரிசையாக உட்கார்ந்து, ஓடும் ஃபிலிமில் கீறலும் தூசியும் நிற வேறுபாடும் பார்ப்போம். முதல் வருடம் கண் எரிந்தது. பிறகு பழகிவிட்டது. லேப் மூடப்பட்ட பின், பழைய படங்களைக் கணினிக்கு மாற்றித் தரும் இந்த நிறுவனத்துக்கு வந்தேன். ஆவடியிலிருந்து ரயிலில் அம்பத்தூர், அங்கிருந்து ஷேர் ஆட்டோவில் எஸ்டேட். வேலைக் காலத்தில் பெரும்பகுதி இந்தப் பாதையில்தான் போயிற்று.

எங்கள் பிரிவுத் தலைவர் சபாபதி சார். ஒல்லியான மனிதர். யாரையும் “நீ” என்று சொல்லி நான் கேட்டதில்லை. நேற்றுச் சேர்ந்த பையனையும் “வாங்க தம்பி” என்பார். குரலை உயர்த்த மாட்டார். நாம் ஏதாவது தவறு செய்துவிட்டால் அருகில் வந்து, “காபி சாப்பிட்டீங்களா?” என்று கேட்பார். அவ்வளவுதான். அந்தக் கேள்வி யாரிடம் வந்ததோ அவர்கள் அன்று காபி சாப்பிட்டதில்லை. மேசைக்குத் திரும்பிப் போய், எங்கே தப்பியது என்று தேட ஆரம்பித்துவிடுவார்கள்.

படப்பெட்டி வந்தால் அதைத் திறப்பது அவர்தான். தகர டப்பாவின் மூடியைத் தூக்கியதும் முகத்தைத் திருப்பிக்கொள்வார். முதல் காற்று வெளியே போகக் காத்திருந்து, பிறகு குனிந்து முகர்வார். ஃபிலிம் கெட்டுப்போக ஆரம்பித்தால் காடி வாசனை வரும். ஒரு ரீலில் வந்தால் பக்கத்து ரீலுக்கும் தொற்றும். அதனால் புளித்த ரீலை உடனே தனியாகப் பிரித்து வெளிக் கொட்டகையில் வைப்போம். மற்றவை மேசைக்கு வரும். துணிக் கையுறை போட்டு, ஃபிலிமின் இரு ஓரங்களையும் விரல்களுக்கு நடுவே விட்டு மெதுவாகச் சுற்ற வேண்டும். கிழிசலும் ஒட்டும் கண்ணுக்குத் தெரிவதற்கு முன் விரலுக்குத் தெரியும். தெரிந்த ஒவ்வொன்றையும் குறித்துக்கொள்ள வேண்டும். அதற்குப் பிறகுதான் துடைப்பது, ஸ்கேன் செய்வது எல்லாம்.

சபாபதி சாருக்கு இரண்டு விதிகள். வந்தது வந்தபடி எடுக்க வேண்டும். எதையும் நீக்க நமக்கு உரிமை இல்லை. இரண்டாவது, கோர் தெரியும் வரை ஓட்ட வேண்டும். முதல் விதிக்குக் காரணம் சொல்வார். இரண்டாவதற்குக் கேட்டால், “ஓட்டித்தான் பாருங்களேன்” என்பார்.

இப்படி இருக்கும்போது வந்தது பாம்புப் படம். அதன் பெயரை இங்கே எழுதப் போவதில்லை. எங்கள் கூடத்தில் எல்லோரும் பாம்புப் படம் என்றே சொன்னோம். நாகலோகம், மந்திரவாதி, அட்டையில் செய்த குகை. வந்த காலத்தில் ஓடவில்லை. பல வருடம் கழித்து யாரோ பழைய வீடியோ கேசட்டிலிருந்து இணையத்தில் ஏற்றியபோது, ஐ.டி. கம்பெனிப் பிள்ளைகளிடம் பிடித்துக்கொண்டது. அதுவும் முக்கியமாக, நாகலோகக் காவல்காரியாக வரும் மின்னொளி என்ற நடிகை. வசனமே இல்லாத வேடம். விழிகளை உருட்டி, நாக்கை நீட்டி, ஒரு சீறல். அந்தச் சீறலை வாட்ஸ்அப்பில் ஸ்டிக்கராக நீங்களும் பார்த்திருக்கக்கூடும்.

படத்தைக் கொண்டுவந்தவர் விக்னேஷ். தென்காசிக்காரர், பருத்திப்பட்டு ஏரியைப் பார்த்த அடுக்ககத்தில் குடியிருப்பவர். ஞாயிற்றுக்கிழமைகளில் அங்கே அசோசியேஷன் ஹாலில் முப்பது நாற்பது பேர் கூடி, அந்தப் படத்தைப் போட்டு, கூடவே சீறுவார்களாம். நெகட்டிவ் எங்கும் இல்லை. திருவள்ளூருக்கு அந்தப் பக்கம் இடிக்கப்பட்ட ஒரு தியேட்டரிலிருந்து பழைய இரும்புக் கடைக்குப் போன பிரிண்டை அவர் தேடிப் பிடித்திருந்தார். அதை ஸ்கேன் செய்து, நல்ல தியேட்டரில் திரையிட வேண்டும் என்பது அவர் ஆசை.

“மின்னொளிக்கு என்ன ஆச்சுன்னு யாருக்கும் தெரியாது மேடம். பாம்பு கடிச்சு செத்துட்டாங்கன்னு சொல்றாங்க. வடக்கே போய் சாமியாராயிட்டாங்கன்னும் சொல்றாங்க. அந்த ஒரு சீனுக்கு அப்புறம் அவங்களுக்கு யாரும் படமே குடுக்கலையாம்.”

எந்த ஒரு சீன் என்று ஒன்பதாவது ரீலைச் சுற்றும்போது தெரிந்தது. விரலில் ஓர் ஒட்டு தட்டியது. கொஞ்சம் தள்ளி இன்னோர் ஒட்டு. இடையில் இருந்த ஃபிலிம் வேறு கம்பெனியுடையது. ஓரத்து எழுத்தே வேறு. ஒலிக்கான கோடும் இல்லை. ஒரு பெண் குளிக்கிறாள். முதுகும் ஈரக் கூந்தலும்தான், முகம் தெரியவில்லை. உடம்பில் துணி இல்லை. அந்தக் காலத்தில் சில தியேட்டர்களில் காலைக் காட்சிக்குக் கூட்டம் சேர்க்க, படத்துக்குச் சம்பந்தமில்லாத இப்படியொரு துண்டை நடுவில் ஒட்டி ஓட்டுவார்கள். பிட்டு என்று அதற்குப் பெயர். கேசட்டும் அப்படியொரு பிரிண்டிலிருந்து எடுத்ததுதான் போலும். முந்தைய காட்சியில் மின்னொளி நிற்பதால், அந்த முதுகு மின்னொளியுடையது என்று எல்லோரும் முடிவு கட்டிவிட்டார்கள்.

சபாபதி சாரிடம் சொன்னேன்.

“குறிச்சுக்கிட்டீங்களா?”

“குறிச்சுட்டேன் சார்.”

“அப்ப அடுத்ததுக்குப் போங்க.”

அடுத்த வாரம் வாசலிலிருந்து செக்யூரிட்டி போன் செய்தார். “மேடம், ஒரு அம்மா வந்திருக்காங்க. பேரு கேட்டா, ‘செத்துப்போனவ வந்துகீறான்னு சொல்லு’ங்கறாங்க.”

வெளியே போய்ப் பார்த்தேன். எனக்குத் தெரிந்த முகம். மேனாம்பேட்டில் என் ஷேர் ஆட்டோவில் ஏறும் தனம் அக்கா. எஸ்டேட்டில் ஒரு எக்ஸ்போர்ட் கம்பெனியில் சட்டைகளைச் சரிபார்க்கும் வேலை செய்து, சமீபத்தில்தான் நின்றிருந்தார். என் பெயர் அவருக்குத் தெரியாது. கண்ணாடிம்மா என்றுதான் கூப்பிடுவார்.

“இன்னா கண்ணாடிம்மா, நீ இங்கதான் வேல செய்றியா? இத்தினி வருசம் பக்கத்துல குந்திகினு வந்தே, ஒரு வார்த்த சொல்லலயே?”

“நீங்களும் சொல்லலையே அக்கா.”

“நான் இன்னான்னு சொல்றது? ‘மேனாம்பேட்டுல ஏறுனேன், சில்லற இல்ல, நான் நாகலோகத்துக் காவல்காரி’ன்னா?”

கையிலிருந்த போனை நீட்டினார். விக்னேஷ் வெளியிட்ட விளம்பரம். இளம் வயது தனம் அக்கா விழியை உருட்டிக்கொண்டிருக்க, படத்தைச் சுற்றி மாலை, கீழே குத்துவிளக்கு. ‘மறைந்த மின்னொளிக்கு நினைவஞ்சலி. வெட்டில்லாத முழுப் படம்.’

“எம் மருமவ இதப் பாத்ததுலேர்ந்து, டீ குடுக்கும்போது கைய ஒரு தபா தொட்டுப் பாத்துட்டுதான் குடுக்குறா” என்றார்.

உள்ளே அழைத்துப் போனேன். சபாபதி சார் எழுந்து நாற்காலியை இழுத்துப் போட்டார். அக்கா உட்காராமலே பேசினார்.

“சாரு, செத்தேன்னு போட்டது கெடக்கட்டும். ஒரு நாளைக்கு நெஜமாவே ஆவப்போறதுதான. அந்தக் குளிக்கிற சீனு. அத்த எடுத்துடு.”

“அம்மா, நாங்க வெட்டறவங்க இல்ல. வந்ததை வந்தபடி எடுத்துக் குடுக்கறவங்க. இன்னிக்கு உங்களுக்காக ஒரு அடி எடுத்தா, நாளைக்கு வேற யாருக்காகவோ இன்னொரு அடி எடுக்கணும்.”

“வந்தபடியா? படம் எடுத்தப்போ அது வர்ல சாரு. நடுவுல எவனோ கொண்ணாந்து சொருவுனான். சொருவுன எடத்துல இன்னா இருந்துச்சு, தெரியுமா ஒனக்கு?”

சபாபதி சார் தெரியாது என்று தலையசைத்தார்.

“என் ஆட்டம்” என்றார் அக்கா. அப்போதுதான் உட்கார்ந்தார்.

அவர் சொன்னதை வரிசைப்படுத்தி எழுதுகிறேன். படத்தில் அவருக்கு ஒரே ஒரு பெரிய காட்சி. குகைக்குள் வரும் மந்திரவாதியை மயக்கக் காவல்காரி ஆடும் பாம்பு ஆட்டம். பாட்டு கிடையாது; மேளமும் மகுடியும் மட்டும். மாங்காட்டில் ஒரு கல்யாண மண்டப மாடியில் ஒரு மாதம் பயிற்சி. முழங்கால் தோல் உரிந்து, தேங்காய் எண்ணெய் போட்டுக்கொண்டு மறுநாளும் ஆடியிருக்கிறார். “கழுத்துல நெஜ மலைப்பாம்பு சாரு. அது பாட்டுக்குத் தூங்கிகினே இருந்துச்சு. அதுக்கும் சேத்து நானே ஆடுனேன்.”

படம் வெளியானபோது அவர் பிரசவத்துக்காகத் தாய்வீட்டில் இருந்தார். பார்க்கவில்லை. சில வருடம் கழித்து ஆவடிப் பக்கம் மறுபடி ஓடியபோது, லேத் பட்டறையில் வேலை செய்த கணவரை அழைத்துக்கொண்டு போனார். அதற்குள் நடிப்பை விட்டிருந்தார். தன் ஆட்டத்தை அவருக்குக் காட்ட வேண்டும் என்று அத்தனை நாள் ஆசை.

“இப்ப வரும் பாருன்னு அவரு கைய அமுக்குனேன். வந்துச்சு. என் ஆட்டம் வர்ல, அது வந்துச்சு. தேட்டர் பூரா விசிலு. என் கைய வுட்டாரு. எழுந்து வெளிய போனாரு. நான் பின்னாலயே ஓடுனேன். ஊடு வரைக்கும் பேசல. அதுக்கப்புறம் குடித்தனம் பண்ணாரு, நல்லாத்தான் வெச்சிருந்தாரு. சாவுற வரைக்கும் அதப் பத்தி மட்டும் ஒரு வார்த்த கேக்கல. கத்தியிருந்தாக்கூட சொல்லியிருப்பேன், அது நான் இல்லன்னு. கேக்காத மனுசங்கிட்ட இன்னான்னு போய் சொல்றது?”

அக்கா தொடர்ந்தார்.

“இப்ப எம் புள்ள கேட்டுட்டான், இந்த வெளம்பரத்தப் பாத்து. சோறு துன்னும்போது. ‘அது நீயாம்மா?’ன்னான். இல்லடான்னேன். ‘சரிம்மா’ன்னான், தட்டப் பாத்துகினே. சொல்லி இன்னா ஆவுது சாரு? காட்டணும்.”

சபாபதி சார் கையுறையைக் கழற்றி, மடித்து, மேசையில் வைத்தார். அவர் யோசிக்கும்போது செய்வது அது. பிறகு மெதுவாகச் சொன்னார்.

“பிட்டு ஓட்டணும்னா படத்துல அந்த நீளத்துக்கு வேற ஏதாவது எடுக்கணும். இல்லன்னா அடுத்த காட்சி தாமதமாயிடும். எடுத்த துண்டை பெட்டி அடுத்த ஊருக்குப் போறதுக்குள்ள திருப்பி ஒட்டிடணும். அலமாரியில வெச்சா மறந்துபோகும், தூக்கிப் போட்டா விநியோகஸ்தரோட ஆள் பிடிச்சுக்குவார். அதனால கவனமான ஆபரேட்டர்கள் ஒண்ணு பண்ணுவாங்க. கடைசி ரீல்ல ‘வணக்கம்’ முடிஞ்சு வெறும் ஃபிலிம் வரும் இல்லையா, அதுக்கும் பின்னால ஒட்டி வெச்சுடுவாங்க. வணக்கம் போட்டதும் விளக்கை அணைச்சுடறதால அது திரையில வராது. துண்டும் பெட்டியை விட்டுப் போகாது. கிளம்பும்போது வெட்டி எடுத்து பழைய இடத்துல ஒட்டிடுவாங்க.”

“ஒட்ட மறந்துட்டா?” என்றேன்.

“பெட்டி போயிடும். அடுத்த ஆபரேட்டருக்கு அது அங்க இருக்கறதே தெரியாது.”

நான் அடுக்குக்குப் போனேன். பதினான்காவது ரீல், அதாவது கடைசி ரீல், அங்கே இல்லை. அது கடுமையாகப் புளித்த ரீல் என்பது நினைவுக்கு வந்தது. கெட்டுக்கொண்டே போனதால் அதை மேசையில் சுற்றிப் பார்க்காமல், முதலிலேயே அவசரமாக ஸ்கேன் செய்யச் சொல்லியிருந்தார்கள். செய்தவன், இயந்திரம் ஓட்டும் தினேஷ். அப்போது இயந்திரம் புதிது. தானாக நிற்கும் வசதியை அவன் போட்டு வைத்திருந்தான். வணக்கம் முடிந்து வெற்று ஃபிலிம் வந்ததும் இயந்திரம் நின்றது. ரீல் முடிந்தது என்று எடுத்துவிட்டான். ஸ்கேன் முடிந்த புளித்த ரீலை வைத்திருப்பதில்லை. விக்னேஷிடம் சம்மதம் வாங்கி, சாக்கில் கட்டி, கழிவு வண்டிக்காகக் கொட்டகையில் போட்டிருந்தார்கள்.

சபாபதி சார் தினேஷின் அருகில் போனார். “தம்பி, காபி சாப்பிட்டீங்களா?”

தினேஷ் கொட்டகைக்கு ஓடினான். நாங்களும் போனோம். சாக்கு கிடந்தது. வண்டி மறுநாள்தான் வர இருந்தது. சாக்கைப் பிரித்ததும் கண்ணில் நீர் வரும் அளவுக்குக் காடி நெடி. மழைநீர் உள்ளே வந்து டப்பாவின் அடி துருப்பிடித்திருந்தது. சபாபதி சார் அதை இரு கையாலும் ஏந்திக்கொண்டு மேசைக்கு வந்தார்.

சுற்ற முடியவில்லை. ஃபிலிம் முன்பைவிடச் சுருங்கி, ஓரம் அலை அலையாக நெளிந்திருந்தது. இயந்திரத்தில் போட்டால் கிழிந்துவிடும். நான் கையால் ஒவ்வொரு சுற்றாகப் பிரித்தேன். வணக்கம் என்ற எழுத்து போயிற்று. வெற்று ஃபிலிம் வந்தது. வந்துகொண்டே இருந்தது. சாதாரணமாக இருப்பதைவிட நீளமாக இருக்கிறதே என்று தோன்றியபோது விரலில் ஒட்டு தட்டியது. காய்ந்துபோன டேப். அதற்கு அப்பால் படம் இருந்தது.

விளக்குக்கு நேரே பிடித்தேன். நிறம் எல்லாம் போய் வெளிர்சிவப்பு மட்டும் மிஞ்சியிருந்தது. குகை. கழுத்தில் பாம்புடன் ஒரு பெண்; தலைக்கு மேல் நாகம் படமெடுத்தது போல் கைகள்.

அக்காவைக் கூப்பிட்டு, உருப்பெருக்கியைக் கண்ணில் வைத்துக் காட்டினேன். வெகுநேரம் குனிந்து பார்த்தார்.

“அய்ய, எம்மாம் ஒல்லி!” என்றார். உருப்பெருக்கியை என்னிடம் கொடுத்துவிட்டுத் திரும்பிக்கொண்டு, முந்தானையால் முகத்தைத் துடைத்தார்.

அது அந்த இடத்துத் துண்டுதானா என்று உறுதி செய்ய வேண்டும். ஒன்பதாவது ரீலை எடுத்து வந்து பக்கத்தில் வைத்தோம். பிட்டுக்கு முந்தைய கடைசிச் சட்டகத்தில் காவல்காரியின் வலது கால் தரையை விட்டுத் தூக்கியிருக்கிறது. கடைசி ரீலின் வாலில் கிடைத்த துண்டின் முதல் சட்டகத்தில் அதே கால் இறங்குகிறது. ஓரத்து எழுத்தும் ஒன்றே. சபாபதி சார் இரண்டையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, “இத்தனை வருஷம் இவங்க இதே பெட்டியிலதான் வந்துக்கிட்டிருந்திருக்காங்க” என்றார். சுவரில் அந்தத் தாள் ஒட்டப்பட்டது அன்றைக்குத்தான்.

விக்னேஷை வரச் சொன்னோம். கூடத்துக்குள் நுழைந்தவர் மூலையில் உட்கார்ந்திருந்த அக்காவைக் கவனிக்கவில்லை.

“என்ன மேடம் அவசரம்? படத்துக்கு ஏதாவது ஆயிடுச்சா?”

“படத்துக்கு ஒண்ணும் ஆகலை. நீங்க நினைவஞ்சலி செலுத்தற அம்மா வந்திருக்காங்க” என்றேன்.

அவர் திரும்பினார். அக்கா விழியை உருட்டி, நாக்கை நீட்டி, ஒரு சீறல் சீறினார். விக்னேஷ் பின்னால் துள்ளியதில் நாற்காலி விழுந்தது. பிறகு அப்படியே காலில் விழப் போனார்.

“ஐயே, செத்தவ கால்ல வுழுவாங்களா நைனா? எழுந்துரு.”

விக்னேஷ் நல்ல பையன். பத்து நிமிடம் அழுதுகொண்டே சிரித்தார். அக்காவுடன் படம் எடுத்துக்கொண்டார். மாலை போட்டதற்கு நாலு தரம் மன்னிப்புக் கேட்டார். ஆனால் பிட்டு விஷயம் வந்ததும் தயங்கினார்.

“தப்பா எடுத்துக்காதீங்கம்மா. வெட்டில்லாத முழுப் படம்னு விளம்பரம் குடுத்துட்டேன். பாதிப் பேர் அந்த சீனைப் பத்திதான் கேக்குறாங்க. எடுத்தா, என்னடா ஏமாத்திட்டேம்பாங்க.”

“முழுப் படம்னா இன்னா? என் ஆட்டம் இருந்தா முழுசா, இல்லாட்டி முழுசா?”

“இருந்தாதான்மா.”

“அது இருந்தா இதுக்கு எடம் ஏது? அத்த வெட்டித்தான இத்த வெச்சான்?”

விக்னேஷ் சபாபதி சாரைப் பார்த்தார். சார் சொன்னார்: “ஸ்கேன் பண்ணி வைக்கிற மூலப் பிரதியில எல்லாமே இருக்கும். வந்தபடி. அதுல நான் கை வைக்க மாட்டேன், அம்மா கேட்டாலும். எது எங்க இருந்ததுன்னு சொல்றதோட எங்க வேலை முடிஞ்சுது. வெளியில எதைக் காட்டறதுங்கறது உங்க விஷயம்.”

“அப்ப அது யாரும்மா?” என்று கேட்டார் விக்னேஷ். “தெரிஞ்சா அவங்க பேரையாவது போட்டு, இவங்க இல்லன்னு எல்லாருக்கும் சொல்லிடலாமே.”

அக்காவுக்குக் கோபம் வந்தது. அன்று முழுவதும் வராத கோபம்.

“யாரோ ஒரு பொண்ணு. எவனோ கூப்ட்டான்னு போயிருப்பா. அவளுக்கும் ஒரு ஊடு இருக்கும், புள்ள இருக்கும். என் பேர எடுத்து அவ மேல போத்தி வெச்சீங்க. இப்ப அத்தப் பிடுங்கிட்டு அவளத் தெருவுல நிறுத்துவியா? என் ஆட்டத்தப் போடு. அது போதும். அவளத் தேடாத.”

விக்னேஷ் தேடவில்லை. விளம்பரத்தை மாற்றினார். பிட்டு இல்லை என்று அறிந்ததும் சிலர் சண்டைக்கு வந்தார்கள். ஆட்டமே இப்போது புதிதாக எடுத்து ஒட்டியது என்று இன்றும் இணையத்தில் எழுதுபவர்கள் இருக்கிறார்கள். அக்காவிடம் சொன்னால், “அப்ப நான் இன்னும் ஒல்லியாத்தான் கீறேன்னு அர்த்தம்” என்பார்.

ஆனால் தியேட்டரில் திரையிடுவதற்கு முன், ஒரு சனிக்கிழமை காலை, எங்கள் சிறிய பார்வை அறையில் அவருக்காகத் தனியாக ஓட்டினோம். அந்தத் துண்டைக் கையால் ஊட்டி ஊட்டி ஸ்கேன் செய்ய எனக்கும் தினேஷுக்கும் நாலைந்து நாள் பிடித்திருந்தது. நிறத்தைப் பிரவீணா முடிந்த அளவு மீட்டிருந்தாள். அக்கா மகனையும் மருமகளையும் அழைத்து வந்தார். மகன் முருகன், எஸ்டேட்டில் கம்பெனி வேன் ஓட்டுபவர். நாற்பது வயது இருக்கும். யார் முகத்தையும் பார்க்காமல் கடைசி வரிசையில் போய் உட்கார்ந்தார். விக்னேஷ் சுவரோரம் நின்றார்.

குகைக்குள் கால் தூக்கிய காவல்காரி தெரிந்தாள். கால் இறங்கியது. மேளம் பிடித்துக்கொண்டது.

எனக்கு நடனம் தெரியாது. ஆயிரக்கணக்கான படத்துண்டுகளைக் கிழிசலுக்காகவும் கீறலுக்காகவும் பார்த்தவள் நான். அன்று முதன்முறையாகக் கீறலைப் பார்க்க மறந்தேன். கழுத்தில் அந்தப் பாம்பு ஒன்றும் செய்யாமல் தொங்க, இந்தப் பெண்ணின் தோளும் இடுப்பும் கையும் பாம்பாக நெளிந்தன. முழங்காலில் சுழன்றபோது, மாங்காட்டு மாடித் தரை எனக்கு நினைவு வந்தது. சீறல் ஸ்டிக்கரில் வேடிக்கையாகத் தெரியும் அந்த விழி, இங்கே வேடிக்கையாக இல்லை. மந்திரவாதியாக நடித்தவர் உண்மையாகவே ஓரடி பின்வாங்கினார். அது நடிப்பல்ல என்று எனக்குத் தோன்றியது.

முடிந்ததும் விளக்கைப் போட்டோம். மருமகள் அழுதுகொண்டிருந்தாள். முருகன் எழுந்து வந்து, அம்மாவின் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்தார். இப்போது முகத்தைப் பார்த்துத்தான் பேசினார்.

“அப்பாகிட்ட நீயே சொல்லியிருக்கலாம்லம்மா.”

“அவரு கேட்டிருக்கலாம்ல.”

முருகன் அம்மாவின் கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். அக்கா திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு தினேஷிடம், “தம்பி, அந்த முட்டிச் சுத்து முடியிற எடத்தப் போடு” என்றார்.

போட்டான்.

“அங்க நிறுத்து. பாத்தியா கண்ணாடிம்மா? எடது காலு முன்னாடி வந்துட்ச்சி. வலது காலுதான் வரணும். மாஸ்டரு கவனிக்கல. நானும் வாய மூடிகினு வுட்டுட்டேன்.”

எனக்கு ஒன்றும் தெரியவில்லை. விக்னேஷுக்கும் தெரியவில்லை. ஆனால் அவர் ஆர்வமாக முன்னால் வந்தார். “அம்மா, அது ஒண்ணும் பெரிய விஷயமில்ல. கம்ப்யூட்டர்ல அந்த இடத்தை மட்டும் லேசா எடுத்துட்டா யாருக்கும் தெரியாது. சுத்தமாயிடும்.”

“கைய வெக்காத” என்றார் அக்கா. “அது என் காலு. தப்பும் என்னுது. அப்டியே கெடக்கட்டும்.”

தினேஷ் மறுபடியும் முதலிலிருந்து ஓட்டினான்.